கடிக்கும் கிளி

“என்னைக் கண்டாலே கடிக்குது டாக்டர். யாருக்காவது குடுத்துடலாம்னா இவ கேக்க மாட்டேங்கிறா,” என்றார் சலூன் வைத்திருக்கும் கணவர்.

மனைவி விரலை நீட்டினாள். கிளி அலகால் லேசாகத் தொட்டுப் பார்த்துவிட்டு ஏறி உட்கார்ந்தது.

“இப்ப நீங்க நீட்டுங்க சார்,” என்றார் பறவை டாக்டர்.

அவர் நீட்டியதும் வெடுக்கென்று கவ்வியது.

“பாத்தீங்களா!”

“கோவம்னா கண்மணி சுருங்கிச் சுருங்கி விரியும், இறகெல்லாம் சிலிர்த்துக்கும். இது கோவமில்ல. கால் வைக்கிறதுக்கு முன்னாடி கிளை உறுதியா இருக்கான்னு அலகாலதான் சோதிக்கும். கிளை ஆடுச்சுன்னா இறுக்கிப் பிடிச்சுக்கும்.”

கணவர் கையை அவசரமாகக் கால்சட்டைப் பைக்குள் விட்டுக்கொண்டார். மனைவி அதை வெளியே இழுத்துப் பிடித்தாள். விரல்கள் நடுங்கிக்கொண்டிருந்தன.

“எத்தனை நாளா?” என்றாள்.

“ஆறு மாசமா. ஷேவிங்குக்கு வர்றவங்களை எதிர்க் கடைக்கு அனுப்பிட்டிருக்கேன்.”