நாற்பது நீச்சல் உடைகள்

அமெரிக்கப் போர் நாவல்களில் நையாண்டி என்று ஆறு வருடம் ஆராய்ந்து முனைவர் பட்டம் வாங்கிய ஹெப்சிபாவுக்கு நாகர்கோவிலிலேயே வேலை கிடைத்தது. போர்முனையிலிருந்து அமெரிக்கச் சிப்பாய்கள் தலைமையகத்துக்கு எழுதும் கடிதங்களை முதலில் அவளைப் போன்ற விமர்சகர்கள்தான் படிப்பார்கள். 'குறை' என்று குறித்தால் கடிதம் தளபதிக்குப் போகும். 'நையாண்டி' என்று குறித்தால் நூலகத்துக்குப் போகும்.

அன்று வந்த கடிதம் இது: "பாலைவனத்தில் தண்ணீர் தீர்ந்துவிட்டது என்று எழுதினோம். நாற்பது பேருக்கும் நீச்சல் உடை அனுப்பியிருக்கிறீர்கள். அளவு சரியாக இருக்கிறது. நன்றி."

ஹெப்சிபா விழுந்து விழுந்து சிரித்தாள். பக்கத்து மேசை செல்வினைக் கூப்பிட்டுக் காட்டினாள்.

"நெசமா இருந்தா என்ன செய்ய, மேடம்?"

"தாகத்துல சாவப்போறவன் இவ்வளவு அழகா எழுதுவானா? அந்த 'நன்றி'யில இருக்க குத்தலப் பாருங்க, செல்வின்!"

படித்த படிப்பு சும்மா விடுமா? 'நையாண்டி' என்று குறித்து, நாலு வரி பாராட்டும் எழுதி அனுப்பினாள்.

பதினோராம் நாள் செல்வின் போர்முனையிலிருந்து வந்த ஒரு புகைப்படத்தைக் கொண்டுவந்து அவள் முன்னால் வைத்தான். மணலில் நாற்பது பிணங்கள் கிடந்தன. பக்கத்தில் நாற்பது நீச்சல் உடைகள்.

அவள் தளபதிக்கு எழுதினாள்: "அந்தக் கடிதம் உண்மை. நடை அழகாக இருந்ததால் நான் நம்பவில்லை. நாற்பது பேரைக் கொன்றவள் நான். என்னைத் தண்டியுங்கள்."

சாயங்காலமே பதில் வந்தது. வேறு ஊரில் உட்கார்ந்திருந்த இன்னொரு விமர்சகர் எழுதியிருந்தார்: "நையாண்டி. நூலகத்துக்கு அனுப்பப்பட்டது. கடைசி வரி மட்டும் கொஞ்சம் மிகை."