மற்றப் பக்கம் நின்றவர்

"பச்சைப் பொய்! அந்தச் செஞ்சுரி அமிர்தநாதர் அடிச்சது. இண்டைக்கு இந்தக் கிழவரைக் கையும் களவுமாப் பிடிச்சு, நாளைக்கு யூரியூப்பில போடாட்டி நான் ஜெனோசன் இல்லை!"

கனடாவில், ஸ்ரௌவ்விலில் கார் ஏறியதிலிருந்து வோபர்ன் முதியோர் இல்லம் வந்து சேரும்வரை, பக்கத்திலிருந்த மனைவி துவாரகாவிடம் இதையேதான் பொரிந்து தள்ளினான் ஜெனோசன்.

"வயசுபோன மனுசன், பாத்துக் கதையுங்கோ. நான் கடைக்குப் போட்டு வாறன்" என்று அவள் இறங்கிப் போய்விட்டாள்.

அவன் கோபத்திலும் நியாயம் இருந்தது. கிழமை நாளில் மிசிசாகாவில் எயார்போர்ட் வேலை. லீவு நாளில் ஊர்ப் பழைய பட்ஸ்மன்களின் கதைகளைத் தேடித்தேடி யூரியூப்பில் போடுவான். அதிலும் அமிர்தநாதர் என்றால் அவனுக்குச் சாமி மாதிரி. பள்ளிக்கூடங்களின் பெரிய மட்சில், சின்னவிரல் முறிந்த பிறகும் நின்று செஞ்சுரி அடித்த மனுசன். அந்த விரல் பிறகு நிமிரவே இல்லையாம். அப்பா சாகும்வரை சொல்லிச் சொல்லி மாய்ந்த கதை அது.

அமிர்தநாதர் இப்போது எங்கே என்று ஒருவருக்கும் தெரியாது. ஜேர்மனி என்றார்கள். செத்துப்போனார் என்றும் சொன்னார்கள்.

இப்போது பார்த்தால், இங்கே முதியோர் இல்லத்தில் இராஜரட்ணம் என்று ஒருவர், "அது நான் அடிச்சது" என்று வருவோர் போவோருக்கெல்லாம் அளக்கிறாராம். விடலாமா?

இராஜரட்ணம் சக்கர நாற்காலியில் இருந்தார். பக்கத்தில் தொப்பி போட்ட இன்னொரு கிழவர், ஜக்கெற் பொக்கற்றுக்குள் கையை விட்டபடி.

"இரும் தம்பி. செஞ்சுரிக் கதை கேக்க வந்தனீரோ?" என்ற இராஜரட்ணம் தொப்பிக்காரரைக் காட்டினார். "உவர் நல்ல மனுசன். சனிக்கிழமை தவறாமல் வருவார். கிரிக்கெட் ஒரு மண்ணும் தெரியாது, பாவம். ஆனா ஆசையாக் கேப்பார்."

தொப்பிக்காரர் சிரித்தார். "சொல்லுங்கோ அண்ணை. அந்த முதல் பந்து?"

ஜெனோசன் போனில் ரெக்கோடிங்கைத் தட்டிவிட்டான். அளக்கட்டும், நல்லா அளக்கட்டும்!

"முதல் பந்து தலைக்கு நேர வந்தது, தம்பி. ஆள் குனியேல்லை. ஒரு இழுவை! வேலியைத் தாண்டி, றோட்டால போன பஸ்ஸுக்கு மேலால போய் விழுந்தது. பஸ்காரன் பஸ்ஸை நிப்பாட்டிப்போட்டு இறங்கிவந்து மட்ச் பாத்தவன்!"

"பிறகு?"

"பிறகென்ன, சின்னவிரலில ஒரு பந்து விழுந்தது. முறிஞ்ச சத்தம் கேட்டது. முகத்தில ஒரு சுழிப்பு? ம்ஹும்! கைலேஞ்சியை விரலில சுத்தினதுதான். அடுத்த பந்து கவருக்குள்ளால போச்சு. ஒருத்தரும் அசையேல்லை. எதிர்ப் பள்ளிக்கூடப் பெடியள் எழும்பி நிண்டு கைதட்டினவங்கள்."

ஜெனோசனுக்கு மயிர்க்கூச்செறிந்தது. அப்பாகூட இவ்வளவு வடிவாகச் சொன்னதில்லை. வந்த வேலையை மறந்து, வாயைப் பிளந்துகொண்டு இருந்தான்.

"மற்றப் பக்கம் ஆர் அங்கிள் நிண்டது?"

"ஒருத்தன் நிண்டவன்... பேர் வாயில வருகுதில்லை. பந்தை மறிச்சு மறிச்சே நிண்டான். ஆனா விழேல்லை. அவன் விழுந்திருந்தா எங்கால செஞ்சுரி?"

அப்போதுதான் ஜெனோசனுக்கு வந்த வேலை ஞாபகம் வந்தது.

"அங்கிள், அந்த முறிஞ்ச விரலை ஒருக்காக் காட்டுங்கோ."

கிழவர் பெருமையோடு இரண்டு கையையும் நீட்டினார். பத்து விரலும் ஈர்க்குப்போல நேராக இருந்தன.

"முறிஞ்ச விரலைக் காணேல்லையே!"

இராஜரட்ணம் தன் விரல்களை மாறி மாறிப் பார்த்தார். "இதில தானே... சத்தம் கேட்டதே..." கண் கலங்கிவிட்டது.

"முறிவு வைத்தியர் பொருத்தின விரலெல்லோ அண்ணை!" என்றார் தொப்பிக்காரர் சட்டென்று. "போன கிழமை நீங்கள்தானே சொன்னீங்கள்?"

"ஓமோம்! பாத்தீரே தம்பி, மறந்துபோனன்!" கிழவரின் முகம் பழையபடி மலர்ந்தது.

ஜெனோசனுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. தொப்பிக்காரரை வெளியே கூட்டிக்கொண்டு போனான்.

"உந்தப் பொய்க்கு ஏன் முட்டுக் குடுக்கிறீங்கள்? அமிர்தநாதர் உயிரோட இருந்தா அவருக்கு எப்பிடி இருக்கும்?"

"முதல்ல உந்த ரெக்கோடிங்கை நிப்பாட்டும் தம்பி" என்று பொக்கற்றிலிருந்து கையை எடுத்து, போனை மெல்ல மூடினார் அவர்.

அந்தக் கையின் சின்னவிரல் கொக்கிபோல வளைந்திருந்தது.

"அங்கிள்... நீங்கள்..." என்றான் ஜெனோசன்.

"உஸ். உள்ளுக்குக் கேக்கும்."

"அது உங்கட செஞ்சுரியெல்லோ! அவர் தன்ரை எண்டு..."

"பெத்த பிள்ளையளின்ரை பேரும் மறந்துபோச்சு அவருக்கு. மிஞ்சிக் கிடக்கிறது அது ஒண்டுதான். அடிச்ச எனக்குப் பந்து மட்டும்தான் தெரிஞ்சது, தம்பி. முழுக்கப் பாத்தவர் அவர்."

உள்ளேயிருந்து குரல் வந்தது. "எங்க அந்தத் தொப்பிக்காரர்? கடைசி ஓவர் இன்னும் சொல்லேல்லை!"

"வாறன் அண்ணை!"

அமிர்தநாதர் விரலைத் திரும்பவும் பொக்கற்றுக்குள் ஒளித்துக்கொண்டார்.

"அண்டைக்கு எனக்குச் செஞ்சுரி வரும்வரைக்கும் விழாமல் மற்றப் பக்கம் நிண்டவர் அவர்தான் தம்பி. இப்ப நான் நிக்கிறன்."