இருபத்தைந்து

"யார் மேடம் சொன்னது? எனக்கு அந்தப் பேரு மட்டும் தெரியணும்."

மேட்ரனின் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றாள் அவள். தீவிர சிகிச்சைப் பிரிவில் பன்னிரண்டு வருடம் நர்ஸாக இருந்தவள். இதுவரை ஒரு மெமோ வாங்கியதில்லை. இன்று கையில் காகிதத்தைத் திணித்துவிட்டார்கள். விசாரணை முடியும் வரை அந்தப் பிரிவில் அவளுக்கு வேலை கிடையாது.

"பேரைச் சொல்லக் கூடாதுன்னு கேட்டுக்கிட்டாங்க," என்றாள் மேட்ரன். "மூணாம் நம்பர் பெட். நாலு நாளும் உன் டியூட்டியில இருபத்தஞ்சு, இருபத்தஞ்சுன்னு எழுதி வச்சிருக்கே. ஒரு தடவையாவது மீட்டரைக் கையில எடுத்தியா?"

மூச்சுக்குழாய்க்குள் இறக்கும் டியூபின் நுனிப்பக்கம் சின்னதாக ஒரு காற்றுப்பை உண்டு. அதில் காற்று குறைந்தால் எச்சில் நுரையீரலுக்குள் இறங்கிவிடும். கூடினால் மூச்சுக்குழாயின் உள்சுவர் நசுங்கிப் புண்ணாகும். அழுத்தம் இருபதுக்கும் முப்பதுக்கும் நடுவில் நிற்க வேண்டும். அதை அளக்க மீட்டர் இருந்தது. அவளிடம் விரல் இருந்தது. வெளியே தொங்கும் குமிழை இரண்டு விரலால் ஒரு அமுக்கு அமுக்கிப் பார்ப்பாள். தொளதொளவென்று தோன்றினால் ஊசிக்குழலால் இன்னும் கொஞ்சம் காற்று ஏற்றுவாள். முடிந்தது.

"இத்தனை வருஷத்துல என் விரல் பொய் சொன்னதில்ல மேடம்."

"உன் விரல் இருபத்தஞ்சு சொன்ன அன்னிக்கு, அடுத்த டியூட்டியில மீட்டர் அறுபத்தெட்டு காட்டியிருக்கு."

அவளுக்குச் சுருக்கென்றது. ஆனால் அதைவிட அதிகமாக வலித்தது வேறொன்று. மூன்றாம் நம்பரில் கிடந்தது யாரோ ஒரு நோயாளி அல்ல, அவளுடைய உயிர்த்தோழி. பயிற்சிக் காலத்தில் ஒரே அறை, இருவருக்கும் ஒரே பூட்டு, ஒரே சாவி. அவளும் இதே பிரிவில் நர்ஸ். இந்தக் கோடியில் நின்று கூப்பிட்டால் அந்தக் கோடியில் இருப்பவர்கள் திரும்பிப் பார்ப்பார்கள் என்பதால் எல்லோருக்கும் அவள் 'மைக்'.

நுரையீரலில் சளி கட்டி, மூச்சு முட்டி, மைக் வேலை பார்த்த இடத்திலேயே வந்து படுத்தபோது, இவள் லீவை ரத்து செய்துவிட்டு ஓடி வந்தாள். மைக்குக்கு மயக்க மருந்து கொடுத்து டியூப் போட்டிருந்தார்கள். மூன்றாம் நம்பர் தனி அறை. அவளுடைய டியூட்டியில் அவளும் மைக்கும் மட்டும்தான். தலை வாரிவிட்டாள், உதட்டை நனைத்தாள், ஊர்க்கதையெல்லாம் பேசினாள். இவள் பக்கத்தில் வந்தாலே திரையில் மைக்கின் நாடித்துடிப்பு எண்பதிலிருந்து நூற்றுப்பத்துக்கு ஏறும். "மயக்கத்துலயும் என்னை அடையாளம் தெரியுது பாருங்க டாக்டர்!" என்று பூரித்துப் போனாள்.

அப்படிப் பார்த்துக்கொண்டவளைத்தான் எவனோ போட்டுக்கொடுத்திருக்கிறான். எவன் என்று யோசிக்கவே தேவையில்லை. சட்டம்! அடுத்த டியூட்டிக்கு வருகிற ஆண் நர்ஸ். கையுறை மாட்டுவதற்குக்கூட விதிப் புத்தகத்தைப் பார்ப்பவன் என்பதால் அந்தப் பேர்.

மருந்து அறை வாசலில் அவனை மறித்தாள்.

"திருப்தியாடா உனக்கு? நல்லா இரு!"

"அக்கா, சத்தியமா நான் இல்லக்கா. நான் அளந்ததைத்தான் எழுதினேன். தினமும் காத்தை இறக்கி விட்டுட்டுப் போவேன். மறுநாள் வந்து பார்த்தா ஏறியிருக்கும். டியூப்லதான் ஏதோ கோளாறுன்னு நினைச்சேன்."

"நடிக்காதே. மீட்டரைத் தொடலைன்னு நீ சொல்லாம வேற யாரு சொன்னது?"

"நீங்க தொட்டீங்களா இல்லையான்னு எனக்கு எப்படிக்கா தெரியும்? உங்க டியூட்டியில நான் வீட்ல இருப்பேன்."

அவள் காதில் எதுவும் ஏறவில்லை. பார்வையாளர் நேரம் வரும் வரை படிக்கட்டில் உட்கார்ந்திருந்தாள். சீருடைக்கு மேல் ஒரு சால்வையைப் போர்த்திக்கொண்டு, பன்னிரண்டு வருடத்தில் முதல் முறையாக வெளியாட்களின் வரிசையில் நின்றாள். வாசலில் அனுமதிச் சீட்டு வாங்கும்போது காவலாளி தலையைக் குனிந்துகொண்டான்.

மைக்குக்கு டியூபை எடுத்து இரண்டு நாளாகியிருந்தது. உள்ளே புண் ஆழமாக இருக்கிறது, பழைய குரல் வருமா என்று இப்போது சொல்ல முடியாது, அதுவரை பேசவே கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். எதையும் கேட்க ஒரு சிலேட்டும் சாக்குக்கட்டியும் கொடுத்திருந்தார்கள்.

தோழியின் முகத்தைப் பார்த்ததும் அவளால் அழுகையை அடக்க முடியவில்லை. கையைப் பற்றிக்கொண்டு விம்மினாள்.

"என்னை வெளியே தள்ளிட்டாங்கடி. நம்ம கூடவே இருந்து யாரோ முதுகுல குத்திட்டாங்க. உனக்கு ராத்திரி பகல் பார்க்காம செஞ்சேனேடி, அதுக்கா இது? அந்த ரூம்ல உன்னையும் என்னையும் தவிர ஒரு ஈ காக்கா கிடையாது. யாருடி பார்த்திருப்பா?"

மைக் சிலேட்டை எடுக்கவில்லை. அவள் பிடியிலிருந்த தன் கையை மெல்ல உருவிக்கொண்டாள். வார்டையே அதிரவைத்த அந்தத் தொண்டையிலிருந்து வெறும் காற்றாக வந்தது பதில்.

"நாலு நாளும் நான் தூங்கவே இல்லடி."