சால்வையின் நீலம்

ஓவியர் முப்பது ஆண்டுகளாக வரைந்த படங்களைத் தொகுத்த புத்தகம் அச்சேறவிருந்தது. மாதிரித் தாள்களைச் சரிபார்க்க வந்த அவருடைய மகள், ஜன்னலோரத்துக் காலி நாற்காலி ஒன்றைக் காட்டும் எண்பத்தேழாம் பக்கத்தில் விரலை வைத்தாள்.

"அண்ணா, அம்மாவோட சால்வை வெளிறிப்போச்சே. நீலம் இன்னும் கொஞ்சம் வேணும்," என்றாள் அச்சகத்தில் வண்ணம் பார்ப்பவரிடம்.

அவர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார். நாற்காலி காலியாகத்தான் இருந்தது. அவள் அம்மா இறந்து ஆறு வருடமாயிற்று என்று அந்தப் புத்தகத்திலேயே போட்டிருந்தது. வெளியே வந்து ஓவியருக்குப் போன் போட்டு விஷயத்தைச் சொன்னார்.

"அவ போனப்புறம் வரைஞ்ச படம்பா அது," என்றார் ஓவியர். "பாப்பா கேட்டபடி போட்டுக் குடுத்துடு. அப்புறம்... அவ அம்மா எந்தப் பக்கம் பார்த்து உட்கார்ந்திருக்கான்னு மட்டும் கேட்டுச் சொல்லு."

வண்ணம் பார்ப்பவர் உள்ளே போய் நீலத்தை மூன்று முறை கூட்டினார். தாளில் ஒரு மாற்றமும் தெரியவில்லை. "இப்பதான் சரியா இருக்கு," என்று மகள் கையெழுத்துப் போட்டாள்.

"அம்மா எந்தப் பக்கம் பார்க்கறாங்கம்மா?"

"கதவைத்தான். அப்பா வர்றாரான்னு பார்த்துட்டிருக்காங்க."

அவர் தாளைக் கவிழ்த்து வைத்துவிட்டு வெளியே போய்ப் போனை எடுத்தார்.

"ஜன்னல் பக்கம், சார்," என்று பொய் சொன்னார். "வெளிய வேடிக்கை பார்த்துட்டிருக்காங்க."