பேட்டரிக்காரன்

பன்னிரண்டு டேனிஷ்காரர்கள் நெனோவின் முற்றத்தில் நின்று சலாமி தின்றுகொண்டிருந்தார்கள். அவர்கள் வந்த பேட்டரி சைக்கிள்கள் சுவரோரம் சாய்ந்திருந்தன.

சனிக்கிழமைதோறும் இப்படி ஒரு கும்பலை இங்கே கூட்டிவருவது என் பிழைப்பு. இருபது கிலோமீட்டர் சவாரி, மூன்று வீடுகளில் ருசி, மதியத்துக்குள் திரும்பிவிடலாம். இத்தாலியில் எங்கள் மார்க்கே வட்டாரத்து மேடுகளை ஒரு துளி வியர்வை இல்லாமல் ஏறிவிட்டு, உச்சியில் கையைத் தூக்கிப் படம் எடுத்துக்கொள்வார்கள்.

எங்கள் ஊர் சலாமி, பன்றியிறைச்சிதான் என்றாலும், வெண்ணெய்போல் இளகியது. நெனோ அதை ரொட்டியில் தடவித் தடவிக் கொடுத்தான். பச்சை மொச்சையும் ஆட்டுப்பால் சீஸும் எடுத்துவைத்தான். சைக்கிள்கள் இருந்த பக்கம் மட்டும் திரும்பவில்லை.

ஒன்பது வருடங்களுக்கு முன் இந்த வட்டாரத்திலேயே நல்ல கால்கள் இவனுடையவைதான். ஊர் சைக்கிள் பந்தயத்தில் நாலு முறை இரண்டாமிடம். ஐந்தாவது முறை, ஊருக்குப் பின்னாலிருக்கும் மேட்டில் எல்லோரையும் உதறிவிட்டுத் தனியாக ஏறி ஜெயித்தான்.

அந்த ஜெயம் ஒரு மணி நேரம்தான் இருந்தது. அதிகாரிகள் வண்டியைப் பிரித்தார்கள். இருக்கைக்குக் கீழே போகும் குழாய்க்குள் ஒரு மோட்டார் ஒளிந்திருந்தது.

பிறகென்ன, தடை. பத்திரிகையில் படம். குனியக் குனியக் குட்டுகிற ஊர் இது. பேட்டரிக்காரன் என்று பெயர் வைத்தார்கள். "என்ன நெனோ, சார்ஜ் போட்டாச்சா?" என்று கேட்காமல் அவனுக்கு யாரும் ஒரு காபி கொடுத்ததில்லை.

நெனோ ஒன்றை மட்டும் இறுகப் பிடித்துக்கொண்டான். வண்டி அதிகாரிகளின் கூடாரத்தில் கிடந்த அந்த ஒரு மணி நேரத்தில் யாரோ மோட்டாரைச் சொருகிவிட்டார்கள். மேட்டை ஏறியது அவன் கால்கள்தான். பேர் போனால் போகட்டும், அந்த ஏற்றம் என்னுடையது என்பான்.

அதை வைத்துத்தான் அவன் உயிரோடு இருந்தான். மிகையாகச் சொல்லவில்லை. முதல் குளிர்காலத்தில் கொட்டகையிலிருந்த கயிறுகளை எல்லாம் அவன் மனைவி லொரேதானா எடுத்து ஒளித்துவைத்தாள்.

கடைசிவரை அவன் பக்கம் நின்றவர்கள் இரண்டே பேர். லொரேதானா, பிறகு அவனுக்கு மெக்கானிக்காக இருந்த நான். விசாரணையில் என்னைக் கேட்டபோது, பந்தயத்துக்கு முந்தின நாள் வண்டி அவன் கொட்டகையில்தான் இருந்தது என்று உள்ளதைச் சொன்னேன். அது அவனுக்குப் பாதகமாகத்தான் போனது. அதற்காக அவன் என்னை ஒரு சொல் சொன்னதில்லை.

சுற்றுலா கம்பெனியிடம் மன்றாடி அவன் வீட்டையும் இந்தச் சவாரியில் சேர்த்தவன் நான்.

அன்று ஒரு டேனிஷ் பெண்மணிக்கு வெயிலும் வெள்ளை ஒயினும் ஒத்துக்கொள்ளவில்லை. வேனில் ஏறிப் படுத்துவிட்டார். ஒரு சைக்கிள் மிச்சமானது.

லொரேதானா அதன் மணியை அடித்துப் பார்த்தாள். "இல்லாத மோட்டாருக்கு ஒம்போது வருஷமா பேச்சு வாங்கிட்ட. இருக்குற மோட்டார்ல ஒரு தடவை ஏறித்தான் பாரேன்யா. இன்னிக்கு எவன் வந்து குழாயைப் பிரிக்கப் போறான்?"

நெனோ சிரித்துவிட்டான். அவன் சிரித்து வெகுகாலம் ஆகியிருந்தது.

பேட்டரி தீரப்போகிறது, வேண்டாம் என்றேன். கைப்பிடித் திரை முழுப் பேட்டரி என்று பச்சையாகக் காட்டியது. அவன் கையைத் துடைத்துக்கொண்டு ஏறி உட்கார்ந்தான்.

அவன் ஜெயித்த அதே மேடு வந்தது. விருந்தினர்கள் பேசிக்கொண்டே முன்னால் ஏறிப் போனார்கள். நெனோவுக்குப் பின்னால் நான். முதல் வளைவில் "அடப்பாவிகளா, இவ்வளவு சுகமா?" என்று கத்தினான். இரண்டாவதில் சந்தோஷமாக ஒரு கெட்ட வார்த்தை சொன்னான்.

மூன்றாவது வளைவில்தான் சாலை செங்குத்தாகும். அவன் பழைய பழக்கத்தில் எழுந்து நின்று அழுத்தி மிதித்தான். மோட்டாரும் சேர்ந்து தள்ளியது.

சட்டென்று நிறுத்திக் கால் ஊன்றினான். முகம் வெளுத்திருந்தது.

"எல்வியோ, அன்னிக்கும் இதே இடத்துல இப்படித்தான்டா இருந்துச்சு. முதுகுல யாரோ கை வச்சுத் தள்ளுற மாதிரி."

நானும் என் சைக்கிளை விட்டு இறங்கினேன்.

"எங்கப்பா போயி பதினஞ்சு நாள்தான் ஆகியிருந்துது. அவரு கைன்னு நெனச்சேன்டா. லொரேதானாகிட்டகூட இதைச் சொன்னதில்ல."

சாலையோரக் கல்லில் உட்கார்ந்துவிட்டான். அழவில்லை. அழுதிருந்தால் எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்திருக்கும். அவன் ஏமாற்றுக்காரன் இல்லை, அது அவனுக்குத் தெரியும். ஜெயித்தவனும் இல்லை என்பது இப்போது தெரிந்துவிட்டது. அப்பாவும் வரவில்லை.

மேலேயிருந்து டேனிஷ்காரர்கள் கையசைத்துக் கூப்பிட்டார்கள்.

நெனோ என் தோளைப் பிடித்துக்கொண்டு எழுந்தான். பிடித்த கையை உடனே எடுக்கவில்லை.

"மூஞ்சிய ஏன்டா இப்படி வச்சிருக்க? விடு. நம்ம ரெண்டு பேரையும் சேர்த்துத்தான் ஏமாத்தியிருக்கானுங்க."

பந்தயத்தன்று நான் அவனுக்குப் பின்னால் வந்த காரில் இருந்தேன். இரண்டாமிடத்துக்காரனின் மெக்கானிக் என்று பேரெடுத்து அலுத்துப்போயிருந்தது. குழாய்க்குள் நான் ஒளித்துவைத்த மோட்டாரை முடுக்க, தீப்பெட்டி அளவு பொத்தான், என் சட்டைப்பையில். இந்த வளைவில் அவன் மூச்சுத் திணறியபோது அழுத்தினேன்.

"ஆமாடா," என்றேன். "ரெண்டு பேரையும்தான்."