பாசிக்குள் ஒரு குரல்

கல்லறைத் திருநாளுக்காகக் கப்பல் வேலையிலிருந்து விடுப்பில் வந்திருந்தான் இன்னாசி. மனைவி ஜெசிந்தா அவனிடம் ஒன்றை மறைத்திருந்தாள். இறந்துபோன மகள் ரோஸ்லினின் குரலைக் கல்பாசிக்குள் பதித்து, அவள் கல்லறைக் கல்லில் வளரவிட்டிருந்தாள். வேறு நகல் கிடையாது. பாசி உள்ளங்கை அகலத்துக்குப் படர்ந்தால்தான் பேச்சு கேட்கும். வருஷக்கணக்கில் காத்திருந்தாள். போன வாரம் கையை வைத்துப் பார்த்தாள், சரியாக இருந்தது. முதல்முறை அவனோடு சேர்ந்துதான் கேட்கவேண்டும் என்று வாயே திறக்கவில்லை.

காலையில் மெழுகுவர்த்தியும் பாசியின் குரலைக் கேட்கும் காதுக்கருவிகளுமாகக் கல்லறைத் தோட்டத்துக்குப் போனாள். முன்னாடியே வந்திருந்த இன்னாசி கையில் கம்பி பிரஷ்ஷோடு நின்றான். பிளீச்சிங் பவுடர் நெடி அடித்தது.

"எம்புட்டுப் பாசி ஜெசி! பிள்ளைக்கு இத்தனை வருஷமா ஒண்ணுமே செய்யலையேன்னு, விரல் தேயத் தேய்ச்சேன். பாரு, புதுக்கல்லு மாதிரி இல்ல?"

ஈரக் கல்லை அவள் தடவினாள். வழவழவென்றிருந்தது.

"நல்லா இருக்குங்க."

மெழுகுவர்த்திக்காக அவள் பைக்குள் கைவிட்டான் அவன். "இதென்ன, காதுல மாட்டுறது ரெண்டு?"

"ஒண்ணு உங்களுக்குத்தான்."

அவன் சிரித்துக்கொண்டே காதில் மாட்டிக்கொண்டான்.

"சரி, என்ன கேக்கணும்?"