இரண்டரை வீடு

"இந்த மாச வாடகை போட்டாச்சுக்கா. அநேகமா இதுதான் கடைசி வாடகை."

சொல்லிவிட்டு லிஃப்ட் மெக்கானிக் மனைவியைப் பார்த்தான். அவள் தரையைப் பார்த்தாள்.

தண்ணீர் மோட்டாரை அணைக்க மாடியிலிருந்து இறங்கி வந்த வீட்டுக்காரம்மா, சுவிட்சில் வைத்த கையை எடுக்க மறந்து நின்றாள். அவள் ஒரு பள்ளியில் கணக்கு டீச்சர். மூன்று வருடமாக இவர்களிடம் முகம் சுளித்து ஒரு வார்த்தை பேசியதில்லை. வாடகை மட்டும் நாலாம் தேதி மாலைக்குள் வந்துவிட வேண்டும். அதில் கறார். அதனால் இவர்கள் தங்களுக்குள் அவளுக்கு வைத்த பெயர், நாலாம் தேதி டீச்சர்.

"ஏன் தம்பி, ஏதாவது குறையா?"

"ஐயோ, இல்லக்கா. சொந்தமா ஒரு ஃபிளாட் பாத்திருக்கோம். நாளைக்குப் பத்து மணிக்கு பேங்க்ல கையெழுத்து."

"சந்தோஷம். எவ்வளவு கடன்?"

"நாப்பது லட்சம். இருபத்தஞ்சு வருஷம், ஒன்பது பர்சென்ட்."

"தவணை முப்பத்து மூவாயிரத்து ஐந்நூத்து அறுபத்தெட்டா?"

மெக்கானிக் வாயைப் பிளந்தான். "மனக்கணக்காக்கா?"

"கணக்கு டீச்சர்னா சும்மாவா?" என்றபடி உள்ளே வந்து நாற்காலியில் உட்கார்ந்தாள். கையில் சிவப்பு மைப் பேனா இருந்தது. விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தவள் அப்படியே வந்திருந்தாள். "ஒரு காகிதம் குடும்மா."

மெக்கானிக்கின் மனைவி ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை செய்பவள். கைப்பையிலிருந்து ஒரு காலி ரிப்போர்ட் உறையை எடுத்து நீட்டினாள்.

"மொத்தம் முன்னூறு மாசம். பெருக்கிப் பாரு தம்பி."

அவன் செல்போனில் தட்டினான். அழித்துவிட்டு மறுபடி தட்டினான்.

"ஒரு கோடியே எழுபதாயிரமா! நான் வாங்கறது நாப்பது லட்சம்தானேக்கா?"

"ஒரு வீட்டுல இருக்கறதுக்கு ரெண்டரை வீட்டுக் காசு. முதல் தவணையில அசல் எவ்வளவு கழியும்னு கேட்டியா?"

"பாதியாவது கழியாதா?"

"மூவாயிரத்து ஐந்நூத்து அறுபத்தெட்டு. மிச்ச முப்பதாயிரமும் வட்டி." உறையின் பின்பக்கம் எழுதி, முப்பதாயிரத்தைச் சுற்றி வட்டம் போட்டாள். "யானைப் பசிக்குச் சோளப்பொரி. அசல்ல பாதி தீரவே பதினெட்டு வருஷம் ஆகும்."

"எனக்கு அப்ப அம்பத்தி நாலு," என்றான் மெக்கானிக் மெதுவாக. "நான் மாட்டற லிஃப்டையே இருபது வருஷத்துல கழட்டிப் போட்டுடுவாங்க."

"இன்னொண்ணு. வட்டி ஏறினா தவணையை ஏத்த மாட்டாங்க. மாசத்தை நீட்டிடுவாங்க. நாமளும் தவணை ஏறலையேன்னு நிம்மதியா இருப்போம். ஒரு நாள் எடுத்துப் பாத்தா, கட்டக் கட்ட வளந்திருக்கும்." டீச்சர் போட்ட வட்டத்தின் மேலேயே இன்னொரு வட்டம் போட்டாள்.

அதுவரை பேசாமல் இருந்த மனைவி நிமிர்ந்தாள். "வாடகை மட்டும் திரும்பியா வரப் போகுதுக்கா?"

பேனா நின்றது.

"வராதும்மா. அதனாலதான் சொல்றேன், ரெண்டு வருஷத்துக்கு நான் வாடகை ஏத்த மாட்டேன். தவணைக்குன்னு ஒதுக்கின காசுல வாடகை போக மிச்சத்தைச் சேத்து வைங்க. நாலஞ்சு வருஷம் கழிச்சு வாங்குங்க. கடன் நல்லாக் கொறஞ்சிடும்."

மெக்கானிக் அந்த உறையை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

"உனக்கு அந்த பால்கனி பிடிச்சிருந்ததேன்னுதான்..." என்று மனைவியிடம் இழுத்தான் மெக்கானிக்.

"எனக்கா? நீங்கதான் சொந்த வீடு சொந்த வீடுன்னு உருகினீங்க. எனக்குப் பத்து நாளா சோறு இறங்கலைங்க."

"அடிப்பாவி! எனக்குத் தூக்கமே போச்சு. சொன்னா நீ அழுவியோன்னு வாயைத் திறக்கல."

அவள் சிரித்துவிட்டாள். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தாள். "முன்பணம் எதுவும் குடுத்திடலையே?"

"நாளைக்குத்தான் குடுக்கறதா இருந்துச்சு."

"அப்பாடா! தலைக்கு வந்தது தலைப்பாகையோட போச்சு."

"நாளைக்கு பேங்க்குக்குப் போகல. சினிமாவுக்குப் போறோம்," என்றான் மெக்கானிக். பிறகு எழுந்து நின்று கைகூப்பினான். "கூடப் பொறந்தவங்ககூட இவ்வளவு எடுத்துச் சொல்ல மாட்டாங்கக்கா."

"அட, உக்காரு தம்பி," என்றாள் டீச்சர். அவன் முகத்தைப் பார்க்காமல் பேனாவை மூடினாள்.

மாடியில் அவள் கணவன் கதவருகிலேயே நின்றிருந்தான்.

"மோட்டாரை அணைக்க முக்கால் மணி நேரமா?"

"கீழ காலி பண்றோம்னாங்க."

"ஐயோ, எப்ப?"

"பண்ணல. இருக்காங்க."

"வயித்துல பால வார்த்த!" என்று அப்படியே நாற்காலியில் சாய்ந்தான்.

"நான் ஒரு பொய்கூடச் சொல்லலைங்க," என்றாள் அவள், அவன் கேட்காமலே.

மேசைமேல் இருந்த அவளுடைய செல்போன் ஒலித்தது. வங்கியின் செய்தி. நாளை ஐந்தாம் தேதி, வீட்டுக் கடன் தவணை முப்பத்து மூவாயிரத்து ஐந்நூற்று அறுபத்தெட்டு.

"இன்னும் எத்தனை மாசம்?" என்றான் அவன்.

"நாலு வருஷம் முன்னாடி முன்னூறு, இப்ப முன்னூத்திப் பத்து," என்றாள் அவள். "கட்டி முடிக்கற வரைக்கும் கீழ இருக்கறவங்க நல்லா இருக்கணும்."